முதல் மாலை தனியாகப் போகாதே

அன்புள்ள தம்பிக்கு,

உன் ஜப்பான் பயணத் திட்டத்தைப் படித்தேன். ஒசாகாவும் ஹிரோஷிமாவும் எல்லோரும் போகிற ஊர்கள். நடுவில் ஷிகோகு தீவின் தெற்குக் கரையில் இருக்கிற கோச்சிக்கு மூன்று இரவு ஒதுக்கியிருக்கிறாயே, அதில்தான் எனக்குச் சந்தோஷம். ஆனால் "சாயங்காலம் கடை கடையாகச் சுற்ற வழிகாட்டி எதற்கு, கைபேசி வரைபடம் போதும்" என்று ஒரு வரி எழுதியிருக்கிறாய். அந்த வரிக்காகத்தான் இந்தக் கடிதம். முதல் மாலைக்கு மட்டுமாவது உள்ளூர் வழிகாட்டி ஒருவரைப் பிடி. மற்ற இரண்டு இரவும் உன் இஷ்டம்.

கோச்சி நகரில் இருப்பது மூன்று லட்சத்துச் சொச்சம் பேர். ஒகயாமாவிலிருந்து மலைகளுக்குள் நுழைந்து நுழைந்து வருகிற விரைவு ரயிலில் இரண்டரை மணி நேரம். டிராம் வண்டி இன்னும் ஓடுகிறது. ஹரிமாயாபாஷியில் இறங்கி ஒபியாமாச்சி கடைத்தெருவின் கூரைக்கு அடியில் நடந்தால், இருபுறமும் பிரிகிற சின்னச் சந்துகளில்தான் நான் சொல்கிற கடைகள் இருக்கின்றன. கதவு மூடியிருக்கும். வாசலில் துணித்திரை தொங்கும். உள்ளே என்ன நடக்கிறது என்று பார்க்க ஜன்னல் கூட இருக்காது. பரிமாறும் பலகைக்கு முன்னால் எட்டு நாற்காலி, பலகைக்குப் பின்னால் ஒரே ஒருவர். மீன் வெட்டுவது, சாகே என்கிற அரிசி மது ஊற்றுவது, கணக்குப் பார்ப்பது எல்லாம் அவரேதான். சுவரில் கையால் எழுதிய தாள்கள். அன்றைக்கு வந்த மீனுக்குப் பல கடைகளில் விலை எழுதியிருக்காது.

உன் வரைபடம் அந்தக் கடைக்கு எத்தனை நட்சத்திரம் என்று சொல்லும். மூலை நாற்காலி இருபது வருடமாக ஒரு பெரியவருக்கு உரியது என்று அதற்குத் தெரியாது. மொழி தெரியாத நான்கு பேர் திடீரென்று கதவைத் திறந்தால், தனியாக நிற்கிற அந்த மனிதர் தவித்துப்போவார். வெளியூர்க்காரர் மேல் வெறுப்பு எதுவும் இல்லை. நமக்கு ஒவ்வாதது எது, எவ்வளவு செலவழிப்போம், எவ்வளவு நேரம் உட்காருவோம் என்று எதுவும் தெரியாமல் பரிமாற அவருக்கு மனம் வராது, அவ்வளவுதான். வழிகாட்டி மத்தியானமே தொலைபேசியில் பேசிவைத்திருப்பார். கடைக்காரருக்கு அவர் முகம் பழக்கம். கதவைத் திறந்ததும் நீங்கள் யார், எங்கிருந்து வருகிறீர்கள் என்று இரண்டு வரி சொல்லுவார். பக்கத்து நாற்காலிக்காரர் தன் பையைக் கீழே இறக்கி வைத்து இடம் கொடுப்பார். நீ காசு கொடுப்பது பெரும்பாலும் இந்த ஜாமீனுக்குத்தான்.

நல்ல வழிகாட்டி முதலில் ஹிரோமே சந்தைக்குக் கூட்டிப்போவார். அங்கே போக வழிகாட்டி வேண்டாம் என்பது உண்மைதான். கோட்டை வாசலுக்குப் பக்கத்தில், பழைய ஆட்சிக்காலத்தில் ஹிரோமே என்ற பெரிய அதிகாரியின் மாளிகை இருந்த இடத்தில், 1998இல் திறந்த கூடம் அது. 60 கடைகளுக்கு மேல். நீள மேசைகளில் யாரும் யாரோடும் உட்காரலாம். பகலிலேயே பீர் குடிக்கிற பாட்டிகளை அங்கே பார்க்கலாம். முதலில் இடம் பிடித்துவிட்டு அப்புறம் வாங்கப் போக வேண்டும் என்பதைத் தவிர வேறு விதி இல்லை. கூச்சம் விலகுவதற்கு அதைவிட நல்ல இடம் கிடையாது.

அங்கே கட்சுவோ தத்தாகியைச் சாப்பிடு. கட்சுவோ வேறொன்றும் இல்லை, நம் தூத்துக்குடி, குமரிக் கரைகளில் சூரை என்று விற்கிறோமே, அந்தக் குடும்பத்து மீன். கோச்சியில் அதைத் தூண்டிலால் ஒவ்வொன்றாகப் பிடிக்கிற படகு மரபு இருக்கிறது. மேற்கே இருக்கிற குரே துறைமுகம் அதற்குப் பேர்போனது. மீனைத் தோலோடு நீளத் துண்டாக்கி, நெல் வைக்கோலைக் கொளுத்தி, ஆள் உயரத்துக்கு எழும்பும் தீயில் காட்டுவார்கள். கரியோ வாயு அடுப்போ ஏன் கூடாது என்று கேட்டேன். வைக்கோல் சட்டென்று பெருந்தீயாகப் பிடிக்கும். தோல் கருகும்போது உள்ளே மீன் பச்சையாகவே நிற்கும். புகை மணம் கவிச்சியை எடுத்துவிடும். கடைக்காரர் சொன்ன காரணம் இது. விரல் அகலத்துக்கு வெட்டி, இளஞ்சூடு ஆறுவதற்குள் கல் உப்பும் பச்சைப் பூண்டுச் சீவலும் வைத்துச் சாப்பிட வேண்டும். டோக்கியோவில் இஞ்சியும் புளிப்புச் சாறும் ஊற்றிக் குளிர்ந்த துண்டாகத் தருவதைச் சாப்பிட்டுவிட்டு "தெரியும்" என்று நினைத்துவிடாதே. நீ போகிற வசந்தத்தில் மீன் வடக்கே ஏறும் காலம். கொழுப்புக் குறைவு, சுவை தெளிவாக இருக்கும். இலையுதிர் காலத்தில் திரும்பி வரும்போது கொழுத்திருக்கும். எனக்கு வசந்தத்து மீன்தான் பிடிக்கும்.

1601இல் இந்தப் பகுதியை ஆளவந்த யாமாவுச்சி பிரபு பச்சை மீனைத் தடைசெய்ததால், மக்கள் மேல்தோலை மட்டும் சுட்டு "இது சுட்ட மீன்" என்று சமாளித்தார்கள் என்றொரு கதையை அநேகமாக உனக்கும் சொல்வார்கள். கதையாகவே கேட்டுக்கொள்.

இரண்டாவது கடையில்தான் வழிகாட்டியின் அருமை தெரியும். தாளில் எழுதியிருப்பதை நீயாகப் படித்திருந்தாலும் கேட்டிருக்க மாட்டாய். உட்சுபோ என்கிற கடல் விலாங்கு, தோலுக்கும் சதைக்கும் நடுவே கொழகொழவென்று ஒரு படலத்தோடு. தொரோமே என்கிற, கண் மட்டும் கறுப்பாகத் தெரியும் மத்திக்குஞ்சு, பச்சையாக. ஆற்று இறால் பொரித்தது. கடற்பாசியை மாவில் தோய்த்துப் பொரித்தது. பூண்டுத் தாளை மிசோ என்கிற புளித்த சோயா விழுதோடு அரைத்த பச்சை நிற நுதா. அதை அரைக்கிற அம்மாவுக்கு அம்மா என்ன அளவு போட்டாரோ அதே அளவு. ஷுத்தோ என்று கட்சுவோவின் குடலை உப்பிட்டுப் புளிக்கவைத்த ஒன்று வரும். குன்றிமணி அளவு எடு, போதும், ஒரு கிண்ணம் சாகேக்கு அது ஈடு கொடுக்கும்.

சாகே இங்கே இனிக்காது. உலர்ந்த, தண்ணீர் போல இறங்குகிற வகை. சகாவா ஊரில் 1603 முதல் இருக்கும் சுகாசாபோத்தானும், கோச்சியின் சுய்கேயும் எல்லாக் கடையிலும் கிடைக்கும். சுய்கே என்றால் போதையேறிய திமிங்கிலம். 15ஆம் பிரபு யாமாவுச்சி யோதோ குடிப்பிரியர். திமிங்கிலக் கடலின் குடிகாரப் பிரபு என்று தனக்குத் தானே பட்டம் வைத்துக்கொண்டவர். அதிலிருந்து வந்த பெயர் அது. குடும்பங்கள் வெளியே குடிக்கச் செலவழிக்கும் கணக்கில் இந்த நகரம் அடிக்கடி ஜப்பானில் முதலிடத்தில் நிற்கும்.

கூட்டம் கலகலப்பாக இருந்தால் பெகுஹாய் எடுத்து வருவார்கள். மூன்று கிண்ணம், ஒரு பம்பரம். பம்பரம் எந்தப் படத்தைக் காட்டி யார் பக்கம் நிற்கிறதோ, அவர் அந்தக் கிண்ணத்தில் குடிக்க வேண்டும். பெண்முகக் கிண்ணம் சின்னது. கோணவாய் முகத்தில் வாய் இருக்கிற இடத்தில் ஓட்டை, விரலால் அடைத்துக்கொண்டே குடிக்கணும். மூன்றாவது தெங்கு, நீண்ட மூக்குப் பூதம். மூக்கு இடிப்பதால் கீழே வைக்கவே முடியாது, அதில்தான் நிறையப் பிடிக்கும். யாராவது தன் கிண்ணத்தைக் காலிசெய்து உன்னிடம் நீட்டி ஊற்றினால், நீயும் குடித்துவிட்டு அதே கிண்ணத்தை அவரிடம் திருப்பி நீட்டி ஊற்று. ஹென்பாய் என்பார்கள். அறிமுகம் இல்லாதவரோடு பேச்சைத் தொடங்க இந்த ஊர் கண்டுபிடித்த வழி அது. எனக்கு ஜப்பானில் வேறெங்கும் இவ்வளவு சீக்கிரம் யாரும் நெருங்கி வந்ததில்லை. வேண்டாம் என்றால் கையைக் கிண்ணத்தின் மேல் வைத்துச் சிரித்தால் போதும். வழிகாட்டி பார்த்துக்கொள்வார்.

இப்போது கொஞ்சம் கடுமையாகச் சொல்ல வேண்டிய விஷயம். எல்லா வழிகாட்டியும் ஒன்றல்ல. 2018 ஜனவரியிலிருந்து அரசு உரிமம் இல்லாதவரும் காசு வாங்கிக்கொண்டு வழிகாட்டலாம். அதனால் அருமையான உள்ளூர் ஆட்கள் பலர் இந்தத் தொழிலுக்கு வந்தார்கள், கூடவே எதையாவது விற்றால் போதும் என்கிறவர்களும் வந்தார்கள். நான் உட்கார்ந்திருந்த ஒரு கடைக்கு ஒரு மாலைச் சுற்றுலா நிறுவனம் பன்னிரண்டு பேரைக் கூட்டிவந்தது. எட்டு நாற்காலிக் கடை. வழக்கமாக வருகிற இருவர் எதுவும் சொல்லாமல் காசு வைத்துவிட்டு எழுந்து போனார்கள். வந்தவர்கள் ஆளுக்கு ஒரு பீர் குடித்து, படம் எடுத்து, இருபது நிமிடத்தில் அடுத்த கடைக்குக் கிளம்பினார்கள். அந்த இருவர் மறுநாளும் வருவார்களா என்பதில்தான் அந்தக் கடையின் பிழைப்பு இருக்கிறது. இந்த மாகாணத்தின் மொத்த மக்கள்தொகையே ஏழு லட்சத்துக்குக் கீழே இறங்கி, இன்னும் குறைந்துகொண்டே வருகிறது. துறைமுகத்துக்குப் பயணக் கப்பல்கள் ஆயிரக்கணக்கில் ஆட்களை இறக்கினாலும், பெரும்பாலும் சாயங்காலம் கப்பல் கிளம்பிவிடும். சந்துக் கடைக்கு அதனால் ஒன்றுமில்லை. இரவு தங்கி, நிதானமாகச் சாப்பிட்டு, மரியாதையாக நடக்கிற நான்கு பேர் அவர்களுக்கு உண்மையிலேயே உதவி.

அதனால் பதிவு செய்வதற்கு முன் கேள்: ஒரு குழுவில் எத்தனை பேர்? நான்கைந்துக்கு மேல் என்றால் விட்டுவிடு. எந்தக் கடை என்று கேட்கும்போது, "அன்றைக்கு என்ன மீன், யார் கடை திறந்திருக்கிறார்கள் என்று பார்த்துச் சொல்கிறேன்" என்று பதில் வந்தால் அவரை நம்பு. "எவ்வளவு வேண்டுமானாலும் குடிக்கலாம்" என்று விளம்பரம் செய்பவர் வேண்டாம்.

உங்கள் நால்வரில் ஒருவர் மீன் சாப்பிடாதவர் என்றாயே, அதை முன்கூட்டியே சொல்லிவிடு. லட்சத்தீவில் சூரையை அவித்துப் புகையிட்டு மாசி ஆக்குவது போலவே இங்கேயும் கட்சுவோவைக் கட்டையாக்கிச் சீவுகிறார்கள். அந்தச் சாறு இறங்காத குழம்பு அபூர்வம். காய்கறி மட்டும் தெரிகிற தட்டிலும் அது இருக்கும். ஆனால் இந்த மாகாணம் கத்திரிக்காய், இஞ்சி, யுசு எலுமிச்சை மூன்றிலும் நாட்டிலேயே முதலிடம். மலைக்கிராமத்து சுஷி என்று மூங்கில் குருத்து, காளான், மியோகா என்கிற இஞ்சி வகையின் மொட்டு இவற்றை யுசுச் சாறு கலந்த சோற்றில் வைத்துத் தருகிற வகை உண்டு. காய்களை மீன்சாறு இல்லாமல் வேகவைக்கச் சொல்லி வழிகாட்டி காலையிலேயே கேட்டுவைத்தால் அவருக்கும் நிறைவான சாப்பாடு. குடிக்காதவருக்கு யுசு சோடா எங்கேயும் கிடைக்கும்.

சில்லறைச் சங்கதிகள்: உட்கார்ந்ததும் கேட்காமலே ஒரு சின்னக் கிண்ணத்தில் ஏதோ வரும். அது ஓத்தோஷி, நாற்காலிக்கான காசு, ஆளுக்கு 300 முதல் 500 யென். சண்டை போடாதே. ரொக்கம் வைத்துக்கொள். டிப்ஸ் கிடையாது. பழைய சின்னக் கடைகளில் இன்னும் புகைபிடிப்பார்கள், ஒத்துக்கொள்ளாதவர் இருந்தால் அதையும் சொல். அன்றைக்கு வாடகைக் கார் கூடாது. குடித்துவிட்டு ஓட்டியவருக்கு மட்டுமல்ல, குடித்தவர் என்று தெரிந்து அவரோடு ஏறியவருக்கும், ஊற்றிக்கொடுத்தவருக்கும் தண்டனை உண்டு. உள்ளூர்க்காரர்கள் காரில் வந்து குடித்துவிட்டால் தாய்கோ என்கிற சேவையைக் கூப்பிடுவார்கள். இரண்டு பேர் வந்து, ஒருவர் உன் காரை உன் வீட்டுக்கு ஓட்டிவருவார், மற்றவர் பின்னால் தங்கள் வண்டியில் வருவார்.

கடைசியாக கியோசா என்கிற, பூரணம் வைத்து மடித்த கொழுக்கட்டை. மெல்லிய தோலில் மொறுமொறுவென்று பொரித்தது, பீரோடு. வயிறு நிறைந்திருந்தாலும் கோச்சிக்காரர்கள் அதில்தான் இரவை முடிப்பார்கள்.

முடிந்தால் சனிக்கிழமை மாலையாக வை. மறுநாள் 1690இலிருந்து நடக்கிற ஞாயிற்றுச் சந்தை, ஏறத்தாழ ஒரு கிலோமீட்டர் நீளம். சர்க்கரைவள்ளி பஜ்ஜிக்கு வரிசையில் நிற்க வேண்டியிருக்கும். எந்த வாரம் என்று முடிவானதும் எழுது. எனக்குத் தெரிந்த வழிகாட்டி அக்காவிடம் இப்போதே சொல்லிவைக்கிறேன், வசந்தத்தில் அவருக்கு மாலைகள் சீக்கிரம் நிரம்பிவிடும்.

அன்புடன்,
அண்ணன்