மூதூர்ப் பாதை

திருகோணமலை,
ஞாயிறு காலை

அன்புள்ள மச்சான்,

மருமகனிடம் நீ கொடுத்துவிட்ட பார்சல் வந்து சேர்ந்தது. சொக்கலேட்டைப் பிள்ளைகள் பங்கு போட்டுவிட்டார்கள். ரொபின் வில்சனின் புத்தகத்தை மட்டும் நான் யாரிடமும் கொடுக்கவில்லை. 1972இல் முதலில் வந்த அதே கோட்டுருவியல் அறிமுகம், முனை எனும் புள்ளிகளையும் அவற்றை இணைக்கும் விளிம்பு எனும் கோடுகளையும் பற்றிய கணிதம். இது 2010இல் வந்த ஐந்தாம் பதிப்பு. கொம்பஸில் நாம் இரண்டு பேரும் ஒரே போட்டோகொப்பியை வைத்துப் படித்தோமே, அதில் முனை எது, மை அப்பிய இடம் எது என்றே தெரியாது. இதில் ஒவ்வொரு புள்ளியும் பளிச்சென்று இருக்கிறது.

எடுத்தவுடன் பாலம் வரும் பக்கத்தைத்தான் தேடினேன். ஒரு விளிம்பை எடுத்துவிட்டால் கோட்டுரு துண்டாகிப் போகுமென்றால், அந்த விளிம்புக்குப் பெயர் பாலம். ‘கிண்ணியாவில் பாதைப் படகு ஓடாத நாளில் மூதூர் தனித்துப் போகுதே, அப்ப அதுவும் பாலம்தானே’ என்று நீ கேட்டாய். கந்தளாய்ப் பக்கம் போய், சேருவில வழியாகச் சுற்றி வரலாம் என்றேன் நான். ஒரு சுற்றில் கிடக்கும் விளிம்பு பாலமாகாது, அதை வெட்டினாலும் மற்றப் பக்கத்தால் வந்து சேரலாம். விடியும்வரை வாதாடினோம். தேற்றப்படி நான் சொன்னது சரி. ஆனால் உன் அம்மாவை இரவில் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுவர முடியாமல் துறையில் நீ காத்து நின்றதை நான் அப்போது கணக்கில் எடுக்கவில்லை. விளிம்புகளுக்குத் தூரம், நேரம் போல ஒரு நிறை கொடுத்துக் குறுகிய வழி தேடும் கணக்கும் இதே புத்தகத்தில்தான் இருக்கிறது. நீ கேட்டது அந்தக் கேள்வி, மச்சான். எனக்கு விளங்க இவ்வளவு காலம் எடுத்திருக்கிறது.

2009இல் கிண்ணியாப் பாலம் திறந்தார்கள், 396 மீற்றர். மூதூர் போகும் வழியில் உப்பாறு, கங்கை, இறால்குழித் துறைகள் எல்லாவற்றிலும் இப்போது பாலம்தான். பஸ்ஸில் ஏறினால் இறங்காமலே மூதூர். போன கிழமை வகுப்பில், ஒரு முனையை இரண்டாம் முறை தொடாமல் போவதுதான் பாதை என்று கரும்பலகையில் கீறிக் காட்டினேன். முன்வாங்கில் இருந்த ஒரு மூதூர்ப் பெடியன் எழும்பி, ‘சேர், எங்கட அப்பப்பா ஆற்றைக் கடக்கிற படகைத்தான் பாதை என்பார்’ என்றான். மற்றப் பிள்ளைகளுக்கு அந்தச் சொல்லே புதிது. அன்றைக்குப் பாடம் அவ்வளவுதான், மிச்ச நேரமெல்லாம் பாதையைப் பற்றித்தான் கதைத்தோம்.

வில்சன் 2002இல் எழுதிய நான்கு நிறப் புத்தகத்தையும் திரும்ப வாசிக்கிறேன். எந்த நாட்டுப்படத்திலும் அடுத்தடுத்த நாடுகள் ஒரே நிறமாகாமல் தீட்ட நான்கு நிறம் போதும் என்ற கதைதான். கெம்பே 1879இல் தந்த நிறுவலில் பிழை இருப்பதை ஹீவுட் 1890இல் கண்டுபிடித்தார். ஆனால் அதைத் தூக்கி எறியவில்லை, அதே வழியை வைத்து ஐந்து நிறம் போதும் என்று நிறுவினார். எனக்கு இந்தக் கதையில் மிகப் பிடித்த ஆள் அவர்தான். பிறகு 1976இல் அப்பலும் ஹாக்கனும் கம்ப்யூட்டரை வைத்து நான்கு நிறத்தை முடித்தார்கள்.

சரி, இன்னொன்று. 2013இல் வில்சனும் வொட்கின்ஸும் சேர்ந்து தொகுத்த சேர்வியல் வரலாறு, அதுதான் பொருட்களை எத்தனை விதமாகத் தெரியலாம், அடுக்கலாம் என்று எண்ணும் கணிதத்தின் வரலாறு, உன் ஊர் நூலகத்தில் கிடைக்குமா என்று பார். அதில் இந்தியாவுக்கென்று ஓர் அத்தியாயம் இருக்கிறது. அதை மட்டும் படம் பிடித்து அனுப்பு, பிள்ளைகளுக்கு வரிசைமாற்றமும் சேர்மானமும் தொடங்கப் போகிறேன்.

அம்மாவின் திவசத்துக்கு வருவாய்தானே? மூதூருக்குச் சேர்ந்தே போவோம்.

அன்புடன்,
உன் பழைய அறை நண்பன்