செயலாளரின் ஆண்டறிக்கை: வெங்கச்சங்கல் பார்க்கப் போன ஆண்டு

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களுக்கும் செயலவையினருக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

வழக்கமான செய்திகளை முதலில் முடித்துவிடுகிறேன். செயலவை மாதந்தோறும் கூடியது. பொங்கல் விழாவும் கோலப் போட்டியும் குறையின்றி நடந்தன. தீபாவளி விருந்தன்று மட்டும் வாடகை மண்டபத்தின் குளிர்சாதனம் நம்மைக் கைவிட்டது. வரவு செலவைப் பொருளாளர் படிப்பார்.

கோலாலம்பூரை ஒட்டி நிலப்பிளவு ஓடுகிறது என்று யாரோ சொல்லப்போக, புதிதாக வீடு வாங்கிய உறுப்பினர்கள் சிலர் கலங்கிப்போனார்கள். நேரிலேயே பார்த்துவிடுவோம் என்று ஒரு ஞாயிறு காலை, புக்கிட் தாபூர் மலை அடிவாரத்தில் உள்ள தாமான் மெலாவாத்திக்கு பஸ் எடுத்தோம்.

கிள்ளான் ஆறு அந்த மலை முகட்டை அறுத்துக்கொண்டு வெளியேறும் இடுக்கில்தான் 1958இல் அணை கட்டினார்கள். அதன் இருபுறமுமாக மொத்தம் 14 கிலோமீட்டருக்கு மேல் நீள்கிறது புக்கிட் தாபூர் முகடு. தித்திவங்சா மலைத்தொடரின் கருங்கல், ஏறத்தாழ 20 கோடி ஆண்டுகளுக்கு முன் பூமிக்கடியில் பாறைக் குழம்பு ஆறி இறுகியது. பிறகு நிலம் பிளந்து நகர்ந்தபோது, சிலிக்கா கரைந்த வெந்நீர் மேலேறி, குவார்ட்ஸாக, அதாவது வெங்கச்சங்கல்லாக, இறுகி அந்த விரிசலை அடைத்தது. மறுபடி பிளந்தது, மறுபடி அடைந்தது. சுற்றியிருந்த பாறையெல்லாம் நம் ஊர் மழையில் இற்றுச் செம்மண்ணாகிவிட்டது, குவார்ட்ஸ் இறவில்லை. பள்ளமாக இருந்திருக்க வேண்டிய விரிசல் இன்று மலையாக நிற்கிறது.

அங்கே வீடுள்ள உறுப்பினர் ஒருவர், தோட்டத்தில் குழி வெட்டியபோது கிடைத்த இரண்டு துண்டுகளைக் கொண்டுவந்தார். பால்வெள்ளை; ஓரங்களில் துருக்கறை. “இது வெங்கச்சங்கல் அல்லவா!” என்றார் தோட்டப்புறத்தில் பிறந்து வளர்ந்த நம் மூத்த அம்மையார். பஸ்ஸுக்குள் போர்வையைப் போர்த்திக்கொண்டு இரண்டையும் அழுத்தி உரசினார். கல்லுக்குள்ளேயே மங்கிய செம்மஞ்சள் ஒளி, கருகிய வாடை. பிள்ளைகள் வரிசை கட்டிவிட்டார்கள், நானும்தான்.

இதைச் செயலற்ற பிளவு என்கிறார்கள். செயலற்ற பிளவு என்றால் செத்த பிளவா? 2007 நவம்பர் 30 அன்று கோலாலம்பூருக்கு வடகிழக்கே உள்ள புக்கிட் திங்கியில் நிலம் அதிர்ந்தது. அடுத்தடுத்த ஆண்டுகளிலும் அதிர்ந்தது. எல்லாம் சிறு அதிர்வுகள்தான். 2004 சுமத்ராப் பெருநடுக்கம் நம் தீபகற்பத்தின் பழைய பிளவுகளையும் அசைத்துவிட்டது என்பது நிலவியலாளர்கள் தரும் விளக்கம். ஆனாலும் வீடு வாங்கியவர்களுக்கு நான் சொன்னது வேறு. இதே வட்டாரத்தில் 1993 டிசம்பர் 11 அன்று ஹைலண்ட் டவர்ஸ் அடுக்குமாடிக் கட்டடம் சரிந்து 48 பேர் மாண்டது நிலநடுக்கத்தால் அன்று. மழைநீர் வடிய வழியின்றி மலைச்சரிவு கரைந்து இறங்கியதால். பிளவைத் தேடுமுன் வீட்டுக்குப் பின்னால் உள்ள கால்வாயில் இலை அடைத்திருக்கிறதா என்று பாருங்கள்.

அடுத்த பயணம் பத்துமலைச் சுண்ணாம்புக் குகைகளுக்கு. தைப்பூசக் கூட்டம் ஓய்ந்த பிறகுதான். பெயர் கொடுக்க விரும்புவோர் பொருளாளரிடம் முன்பணத்துடன் வரவும்.

சங்க அலமாரியில் வைத்திருந்த அந்த இரண்டு கற்களில் ஒன்றைக் காணவில்லை. எடுத்துச் சென்றவர் திருப்பி வைத்துவிடுமாறு கேட்டுக்கொள்கிறேன். ஒற்றைக் கல்லை எதோடு உரசுவது?

செயலாளர்