கர்டிஸுக்கு முன்னால் ஒரு கெர்தேஸ்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழில் இயக்குநர் மைக்கேல் கர்டிஸ் குறித்த கட்டுரை அவருடைய ஹாலிவுட் படமான ‘காஸாபிளாங்கா’வை நுட்பமாக அலசியிருந்தது. ஆனால் அவருடைய கதையை 1926-இல் ஹாலிவுட்டின் வார்னர் பிரதர்ஸ் பட நிறுவனத்தில் சேர்ந்த நாளிலிருந்து தொடங்கியது பெருங்குறை. அப்போது அவருக்கு வயது 39. ஹங்கேரியிலும் ஆஸ்திரியாவிலும் ஏற்கெனவே ஏராளமான படங்களை எடுத்து முடித்திருந்தார்.

1886-இல் புடாபெஸ்டில் பிறந்தபோது அவர் பெயர் மானோ காமினர். பிறகு மிஹாய் கெர்தேஸ் ஆனார். ஹங்கேரியில் குடும்பப் பெயரை முன்னால் எழுதுவார்கள். அங்குள்ள ஆவணங்களில் ‘கெர்தேஸ் மிஹாய்’ என்றுதான் தேட வேண்டும். இது தெரியாமல் தேடினால் அவருடைய மௌனப் படங்கள் வேறு யாரோ எடுத்தவை போலத் தோன்றும்.

அவர் முதலில் மேடை நடிகர். 1912-இல் வந்த ‘இன்றும் நாளையும்’ படத்தில் நடித்தார். அதை இயக்கியவரும் அவரே என்பது பொதுவான கருத்து. கட்டுரை அதை ‘முதல் ஹங்கேரியப் படம்’ என்கிறது. அது சரியல்ல. 1901-லேயே அங்கு ‘நடனம்’ என்ற படம் எடுக்கப்பட்டுவிட்டது. 1912 படத்தை முதல் கதைப்படம் என்று சொல்லலாம். மறு ஆண்டு டென்மார்க்கின் நோர்டிஸ்க் பட நிறுவனத்துக்குப் போய், ‘அட்லாண்டிஸ்’ படத்தில் சிறு வேடம் ஏற்றபடியே தொழிலைக் கற்றார்.

1919-இல் நாட்டைவிட்டு வெளியேறும்வரை அவர் எடுத்த படங்களில் பெரும்பாலானவை இன்று இல்லை. அக்காலப் பிலிம், நைட்ரேட் செல்லுலோஸ் என்ற எளிதில் தீப்பற்றும் பொருளால் ஆனது. அது சிதையும்போது வெளிவரும் வாயு, காற்றின் ஈரத்தோடு கலந்து அமிலமாகி, படிமத்திலுள்ள வெள்ளியையும் ஜெலட்டினையும் அரிக்கும். முதலில் உருவம் மங்கும். பிறகு சுருள் பிசுபிசுக்கும், நுரைக்கும், ஒரே கட்டியாக இறுகும். கடைசியில் பழுப்புத் தூளாகும். காற்றுப் புகாத டப்பாவில் அடைத்தால் வாயு உள்ளேயே தங்கிச் சிதைவு இன்னும் விரைவாகும். கெட்டுப்போன சுருள், 41 டிகிரி செல்சியஸ் வெப்பம் நாள்கணக்கில் நீடித்தாலே தானாகத் தீப்பிடிக்கக்கூடும். தண்ணீரில் அமுக்கினாலும் அணையாது. எரியத் தேவையான ஆக்ஸிஜன் அதற்குள்ளேயே இருக்கிறது.

அப்படியும் தப்பியது ‘ஆ டொலோன்ட்ஸ்’ (நாடுகடத்தப்பட்டவள்), 1914. யெனோ யானோவிச்சின் தயாரிப்பில், அன்று கொலோஷ்வார் என்றும் இன்று ருமேனியாவில் க்ளூஜ் என்றும் வழங்கும் ஊரில் எடுத்தது. மேடையின் பெரும்புகழ் நடிகை மாரி யாசாய் இதில் தாயாக வருகிறார். பல்லாண்டுகளுக்குப் பிறகு இதன் பிரதி நியூயார்க்கில், ஹங்கேரியர்களின் பண்பாட்டு மன்றக் கட்டடத்தின் அடித்தளத்தில் கிடைத்து, சீரமைக்கப்பட்டது.

திரைப்படச் சங்கங்கள் இத்தகைய படங்களைத் திரையிடும்போது வேகத்தைக் கவனிக்க வேண்டும். 35 மி.மீ. பிலிமில் ஓர் அடிக்கு 16 சட்டங்கள் (ஃபிரேம்கள்). நொடிக்கு 16 சட்டமாகக் கையால் சுழற்றி எடுத்த 1,000 அடிச் சுருள் 16 நிமிடம் 40 நொடி ஓட வேண்டும். அதையே நொடிக்கு 24 சட்டத்தில் ஓட்டினால் 11 நிமிடத்தில் முடிந்து, அழும் தாயும் துள்ளி ஓடுகிறவள் ஆகிவிடுவாள். மௌனப் பட நடிப்பே மிகை என்று பலர் நம்புவதற்கு இந்தத் தவறும் ஒரு காரணம்.

பேசாமல் காட்டும் இந்தப் பழக்கத்தை அவர் கடைசிவரை விடவில்லை. ‘ராபின் ஹூட்’டின் வாள்சண்டையில் சண்டையிடும் இருவரும் திரையைவிட்டு விலக, தூணில் விழும் நிழல்கள் சண்டையைத் தொடர்கின்றன. ‘காஸாபிளாங்கா’வில் நாயகன் ரிக் பெட்டகத்தைத் திறப்பதையும் சுவரில் விழும் நிழலாகவே பார்க்கிறோம். இந்த இரண்டு இடங்களையும் கட்டுரை தொட்டிருக்க வேண்டும்.

இன்னொன்று: கட்டுரையோடு வெளியான ‘காஸாபிளாங்கா’ புகைப்படத்தில், சர்வர் கார்ல் வேடத்தில் நிற்பவரின் பெயர் விடுபட்டிருக்கிறது. அவர் ஸோகெ ஸாகால். அவரும் புடாபெஸ்டில் பிறந்தவர்தான். அடுத்த இதழில் திருத்தி வெளியிட வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
ஒரு வாசகர், திருச்சி