தோட்டத்து மறைப்பைப் பற்றி மகளுக்கு

அன்பு மகளுக்கு,

புதிய வீட்டின் பின்புறத் தோட்டத்தைச் சுற்றிலும் ஆறடி உயரத்துக்குப் பலகை வேலி எழுப்பிவிடலாமா என்று நீயும் மாப்பிள்ளையும் யோசிப்பதாக எழுதியிருந்தாய். பிறர் பார்வை படாமல் உட்கார்ந்து படிக்கவும், குழந்தையை விளையாட விடவும் ஓர் இடம் வேண்டும் என்ற உன் விருப்பம் முற்றிலும் நியாயமானது. ஆனால் நான்கு எல்லைகளையும் ஒரே உயரத்தில் அடைத்துவிட்டால் மட்டும் அது கிடைத்துவிடாது; வெளிச்சமும் காற்றும் குறைந்து, பணமும் செலவான பிறகும் மாடியிலிருந்து பார்ப்பவருக்கு நீ தெரிந்துகொண்டேதான் இருப்பாய். அதனால்தான் சற்று விரிவாக எழுதுகிறேன்.

முதலில், நீங்கள் வழக்கமாக உட்காரப்போகும் இடத்தில் ஒரு நாற்காலியைப் போட்டு அமர்ந்து, அங்கிருந்து எந்தச் சன்னல், எந்த மாடி, எந்த நடைபாதை கண்ணுக்குத் தெரிகிறது என்று நிதானமாகப் பார். உனக்குத் தெரிகிற இடத்திலிருந்துதான் உன்னையும் பார்க்க முடியும். மற்றத் திசைகளை அப்படியே திறந்து விட்டுவிடலாம்.

அடுத்து, மறைப்பை எங்கே வைப்பது என்பதுதான் எல்லாவற்றையும்விட முக்கியமான கேள்வி. பக்கத்து வீட்டு மாடியில் நிற்பவரின் கண் தரையிலிருந்து 15 அடி உயரத்திலும், நாற்காலியில் இருக்கும் உன் தலை 4 அடி உயரத்திலும், இருவருக்கும் இடையே 40 அடி தூரமும் இருப்பதாக வைத்துக்கொள். எல்லை சரியாக நடுவில் அமைந்தால், அந்தப் பார்வையைத் தடுக்க அங்கே ஒன்பதரை அடி உயர வேலி வேண்டும். பெரும்பாலான ஊர்களில் அதற்கு அனுமதியே கிடைக்காது. அதே பார்வையை, உன் நாற்காலியிலிருந்து 4 அடி தள்ளி நிறுத்திய, ஐந்தடிக்குச் சற்றே கூடுதலான ஒரு தட்டி தடுத்துவிடும். ஆகவே எல்லை வேலியை 4 அடியிலோ 5 அடியிலோ நிறுத்திவிட்டு, உட்காரும் இடத்தை ஒட்டி ஒரு தனித்தட்டியும், தேவையானால் தலைக்கு மேல் ஒரு கொடிப்பந்தலும் அமைப்பதே என் விருப்பம்.

பலகை வேலிதான் வேண்டும் என்றாலும், இடைவெளியே இல்லாமல் அடித்துவிடாதே. முழுவதுமாக அடைத்த வேலியில் மோதும் காற்று மேலேறிக் கடந்து, மறுபக்கம் சுழன்று விழும். செடிகள் ஒடிவதும் கம்பங்கள் சாய்வதும் பெரும்பாலும் அதனால்தான். ஏறத்தாழ பாதியளவு காற்றை ஊடே விடும் வேலியே காற்றின் வேகத்தைச் சீராகக் குறைக்கிறது. குறுக்குச் சட்டத்தின் இரண்டு பக்கங்களிலும் பலகைகளை மாற்றி மாற்றி, ஒன்றின் இடைவெளியை மற்றொன்று மறைக்கும்படி அடித்தால், நேராகப் பார்ப்பவருக்கு எதுவும் தெரியாது, காற்றும் புகுந்து போகும். பலகைகள் செங்குத்தாக இருக்கட்டும். கிடையாக அடித்தால் பேரனுக்கு அது ஏணியாகிவிடும்.

கம்பங்களில் சிக்கனம் வேண்டாம். ஆறடி வேலிக்கு எட்டடிக் கம்பம் வாங்கி, இரண்டடி மண்ணுக்குள் இறக்க வேண்டும். மண் தளர்வாக இருந்தால் இன்னும் ஆழம் தேவை. மரக்கம்பம் முதலில் அழுகும் இடம் தரைமட்டம்தான் என்பதால், சுற்றிப் போடும் கான்கிரீட்டின் மேற்பரப்பைத் தண்ணீர் வழிந்தோடும்படி சரிவாக முடிக்கச் சொல். பலகையின் அடிப்பகுதி மண்ணைத் தொடாமல் இரண்டு அங்குலம் மேலே நிற்கட்டும். திருகாணிகள் துத்தநாகப் பூச்சு உள்ளவையாக இருக்க வேண்டும்.

உயிர்வேலியைப் பற்றிக் கேட்டிருந்தாய். எனக்கு அதுவே மனதுக்கு மிகவும் பிடித்தது. ஆனால் அது அடர்ந்து மறைக்க மூன்று, நான்கு ஆண்டுகளாவது ஆகும், அதன் பிறகும் ஆண்டுதோறும் வெட்டிவிட வேண்டும். வேகமாக வளரும் செடி என்று விற்பவர் புகழ்ந்தால், அது நீ விரும்பிய உயரத்தில் தானாக நின்றுவிடாது என்பதையும் நினைத்துக்கொள். வெட்டும்போது அடி அகலமாகவும் நுனி குறுகலாகவும் இருக்கும்படி வெட்டினால்தான் கீழ் இலைகளுக்கு வெயில் கிடைக்கும். இல்லையென்றால் மேலே பச்சையும், கண் மட்டத்தில் வெறும் குச்சியுமாக நிற்கும். இலையுதிர்க்கும் செடிகள் ஆண்டில் சில மாதங்கள் உன்னைக் கைவிட்டுவிடும் என்பதால், எப்போதும் பசுமையாக இருப்பதையே தேர்ந்தெடு. மூங்கில் நடுவதாக இருந்தால், ஒரே குத்தாக வளரும் வகையை மட்டும் வாங்கு. நிலத்தடியில் தண்டு பரப்பி ஓடும் வகை அடுத்த வீட்டுத் தரையிலும் முளைக்கும், பிறகு அதை அடக்குவது பெரும்பாடு. அரளியின் இலை, பூ, தண்டு என எல்லாப் பாகமும் நஞ்சு. குழந்தை தவழ்ந்து திரியும் தோட்டத்துக்கு அது எவ்வளவு அழகாக இருந்தாலும் வேண்டாம்.

செடி வளரும்வரை நிழல்வலையைக் கட்டிச் சமாளிக்கலாம். ஆனால் பகலில் மறைக்கும் அந்த வலை, இரவில் உன் பக்கம் விளக்கு எரியும்போது மறைக்காது. வெளிச்சம் உள்ள பக்கத்தை இருட்டில் இருப்பவர் தெளிவாகப் பார்க்க முடியும். மாலையில்தான் நீங்கள் அதிகம் உட்காருவீர்கள் என்றால் இதைக் கட்டாயம் யோசித்துக்கொள். தெருச் சத்தத்துக்குச் செடி பெரிதாக உதவாது.

கம்பத்துக்குக் குழி தோண்டுவதற்கு முன் செய்யவேண்டியவை இரண்டு. நிலப் பத்திரத்தில் உள்ள அளவோடு எல்லையைச் சரிபார்த்து, உங்கள் ஊர் நிர்வாகம் அனுமதிக்கும் உயரத்தையும், தண்ணீர், மின்சாரக் குழாய்கள் போகும் வழியையும் கேட்டுத் தெரிந்துகொள். அதோடு, வேலை தொடங்கும் முன்பே அடுத்த வீட்டாரிடம் நேரில் போய்ச் சொல்லிவிடு. உன் வேலியின் நிழல் அவர்கள் செடிமேல் விழுமா என்று அவர்களுக்கும் கவலை இருக்கும். பேசினால், செலவைப் பகிர்ந்துகொள்ளவும் அவர்கள் முன்வரக்கூடும்.

உட்காரும் இடத்திலிருந்து தெரியும் சன்னல்களைக் குறித்து, தூரங்களையும் அளந்து, ஒரு தாளில் வரைந்து அனுப்பு. தட்டி எங்கே, எவ்வளவு உயரத்தில் நிற்கவேண்டும் என்பதைக் கணக்கிட்டு, மரம் வாங்குவதற்கு முன்பே உனக்கு எழுதிவிடுகிறேன்.

அன்புடன்,
அப்பா