அட்டைப்பெட்டி அடுக்கத் தெரிந்தவர்

ஆசிரியருக்கு வணக்கம்.

சினிமாவில் நடிப்பு, சண்டை, உதவி இயக்கம் மூன்றும் தெரிந்தவரை ‘எதிலும் நிலைக்காதவர்’ என ஒதுக்கிவிடுகிறோம். மேலூர்ப் பக்கம் பாறைமேல் சண்டைக்காட்சி எடுக்கும்போது அவர் அருமை தெரியும். குதிப்பவருக்குக் கீழே காலி அட்டைப்பெட்டிகளை அடுக்கி, சுற்றிக் கயிறு இறுக்கி, மேலே மெத்தை போடவேண்டும். கயிறு தளர்ந்தால் பெட்டிகள் விலகி, ஆள் தரையில் மோதுவார். பனியில் நமத்துப்போன பெட்டியும் தாங்காது. முகத்தைத் தொடாத குத்து, அடிப்பவர் தோளுக்குப் பின்னால் கேமரா நின்றால் பட்டதுபோல இருக்கும்; பக்கவாட்டில் வைத்தால் இடைவெளி பல்லிளிக்கும். சாப்பாட்டு இடைவேளைக்குப் பின் ரத்தக்கறை எந்தப் புருவத்தில், மடித்த சட்டைக்கை எது என்று கண்டினியூட்டி (முன் எடுத்த காட்சியோடு தொடர்ச்சி) பார்ப்பவரும் இவரே. (நாயகனுக்கு அது நினைவிருக்காது!)

வெளிப்புறப் படப்பிடிப்புக்கு அனுமதி தரும் அதிகாரிகள், சண்டைக்காட்சி என்றால் ஆம்புலன்ஸையும் கட்டாயமாக்க வேண்டும்.

– வாசகர், திருப்பரங்குன்றம்