பிறழாத சாட்சிகள்

ஐயா,

பொள்ளாச்சி பாலியல் வன்கொடுமை வழக்கில் ஒன்பது பேருக்கும் சாகும்வரை ஆயுள் தண்டனை என்று 2025 மே 13 அன்று கோவை மகளிர் நீதிமன்றம் தீர்ப்பளித்ததும், எல்லோரும் தண்டனையைப் பற்றித்தான் பேசினார்கள். எனக்கு அதைவிடப் பெரிதாகப் பட்டது, சாட்சிகளில் ஒருவர்கூடப் பிறழவில்லை, அதாவது முன்பு சொன்னதை நீதிமன்றத்தில் மாற்றிச் சொல்லவில்லை என்பது. 2019இல் புகார் கொடுத்த பெண்ணின் பெயரைக் காவல்துறையே வெளியே விட்டது. அதற்காக 25 லட்சம் ரூபாய் இழப்பீடு தரச் சொன்னது உயர் நீதிமன்ற மதுரைக் கிளை. அப்படித் தொடங்கிய வழக்கில் பெண்கள் வந்து சாட்சி சொன்னது சின்ன விஷயமா?

சரி, அங்கே வீடியோ ஆதாரம் இருந்தது. அது இல்லாத வழக்கில்? பாதிக்கப்பட்டவரின் சாட்சியம் நம்பும்படி இருந்தால் அது ஒன்றே போதும், புகார் தாமதமானதைக் காட்டி ஒதுக்கக் கூடாது என்று குர்மித் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1996லேயே சொல்லிவிட்டது. ஆனாலும் "ஏன் அப்போதே கத்தவில்லை?" என்ற கேள்வி சாட்சிக் கூண்டை நோக்கி இன்றும் வருகிறது. எதிர்த்தரப்பு வழக்கறிஞர் கேட்பார்தான், அது அவர் தொழில். தடுக்க வேண்டியவர் நீதிபதி.

பாலியல் வன்கொடுமைக்கான குறைந்தபட்ச தண்டனைக்கும் கீழே இறங்க நீதிபதிக்கு இருந்த விருப்புரிமையை 2013 சட்டத் திருத்தம் எடுத்துவிட்டது. நல்லதுதான். ஆனால் சாட்சி பாதியிலேயே ஓய்ந்துபோனால் எந்தத் தண்டனைக்கும் வேலையில்லை. முதலில் எல்லா மகளிர் நீதிமன்றங்களிலும், குற்றம் சாட்டப்பட்டவரும் அவர் உறவினரும் நிற்கும் வராந்தாவைக் கடக்காமல் சாட்சி உள்ளே போக ஒரு தனி வழியும், உட்கார ஒரு அறையும் அரசு செய்து தரட்டும்.

ஒரு வாசகி,
திருச்சி