வூக் என்று பெயர் வைக்கலாமா? தங்கைக்கு ஒரு கடிதம்

அன்புள்ள தங்கைக்கு,

பிறக்கப்போகும் பிள்ளைக்கு வூக் என்று பெயர் வைக்க செர்பியரான உன் மாமனார் ஆசைப்படுகிறார், "ஓநாயின்னு யாராச்சும் பேர் வைப்பாங்களா?" என்று அம்மா போனில் சண்டைக்கு நிற்கிறாள் என்று எழுதியிருந்தாய். செர்பிய மொழியில் வூக் என்றால் ஓநாய்தான். பூசி மெழுக ஒன்றுமில்லை. ஆனால் முரட்டுப் பிள்ளை வேண்டும் என்று அந்தக் காலத்தில் இந்தப் பெயரை வைத்ததாகத் தெரியவில்லை. பயந்துபோய் வைத்திருக்கிறார்கள்.

இதற்குச் சாட்சி அந்தப் பெயர் கொண்டவரே எழுதி வைத்தது. வூக் கராஜிச், 1787-இல் திர்ஷிச் என்ற கிராமத்தில் பிறந்தவர். நீ இப்போது இருக்கும் வியன்னாவில்தான் 1818-இல் அவருடைய செர்பிய அகராதி அச்சானது. இருபத்தாறாயிரத்துக்கும் மேற்பட்ட சொற்கள், ஜெர்மனிலும் லத்தீனிலும் பொருள். அதில் சூனியக்காரியைக் குறிக்கும் சொல்லுக்கு விளக்கம் எழுதும்போது தன் கதையையும் சொல்லிவிடுகிறார்: ஒருத்திக்குப் பிள்ளை தங்கவில்லை என்றால் அடுத்த குழந்தைக்கு வூக் என்று பெயர் வைப்பார்கள், குழந்தைகளைத் தின்னும் சூனியக்காரி ஓநாயின் பக்கம் வரமாட்டாள் என்ற நம்பிக்கை, தனக்கும் அப்படித்தான் வைத்தார்கள் என்று. அவருக்கு முன் பிறந்த பிள்ளைகள் எதுவும் தங்கவில்லை. இவர் எழுபத்தாறு வயது வரை இருந்தார்.

இதை அம்மாவிடம் சொல். குப்பைமேட்டில் கிடத்தி எடுத்து குப்பன், குப்பாயி என்று கூப்பிட்டதும், பிச்சை என்று வைத்ததும் இதே காரணத்துக்குத்தானே. நாம் எமன் கண்ணில் படாதபடி பிள்ளையை மட்டமாகக் காட்டினோம், அவர்கள் பல்லைக் காட்டினார்கள். அவ்வளவுதான் வித்தியாசம்.

பெயரோடு அவர்கள் நிற்கவில்லை. மலைப்பகுதிகளில், செத்த ஓநாயின் வாயைச் சுற்றியுள்ள தோலை வளையமாக அறுத்துக் காயவைத்து, அதன் வழியாகப் பச்சைக் குழந்தையை நுழைத்து எடுப்பார்கள். ஓநாயின் வாய்க்குள் போய் வந்த பிள்ளையை வேறெது தொடும்? "பெண் ஓநாய் ஓநாயை ஈன்றது, உலகத்துக்குத் தெரியட்டும், பிள்ளைக்கு நலமாகட்டும்" என்று பிறப்பை உரக்க அறிவிக்கும் வழக்கமும் சில இடங்களில் இருந்தது. இன்று வளையம் போய்விட்டது, பெயர் மட்டும் மிஞ்சியிருக்கிறது.

இந்தப் பெயருக்கு ஒரு கறையும் உண்டு. துருக்கியரோடு நடந்த 1389 கொசோவோப் போரில் வூக் பிராங்கோவிச் என்ற செர்பியப் பிரபு தன் பக்கத்தாரைக் காட்டிக்கொடுத்தான் என்று நாட்டுப்பாடல்கள் பாடுகின்றன. சரித்திரக்காரர்கள் அதை ஒப்புக்கொள்வதில்லை. போருக்குப் பிறகும் சில ஆண்டுகள் அவன் துருக்கியருக்கு வளைந்துகொடுக்காமல் இருந்தான். நம் ஊரில் எட்டப்பன் என்ற பெயர் பட்ட பாடு இதற்கு வரவில்லை. ஓநாயின் காவல் அந்தப் பழியைவிடப் பெரிதாகத் தெரிந்ததோ என்னவோ, ஜனங்கள் வைத்துக்கொண்டேதான் இருந்தார்கள்.

இனி நடைமுறைக்கு வருவோம், உன் தலைவலி அங்கேதான். "வூ" நெடில். சற்றே உயர்த்தித் தொடங்கி இறக்க வேண்டும், "வுக்" என்று வெட்டக்கூடாது. நம் வாயில் "வூக்கு" என்றுதான் வரும். ஆனால் செர்பியத்தில் "வூக்கு" என்றால் நாம் "வூக்குக்கு" என்று நான்காம் வேற்றுமையில் சொல்வது. "வூக்கைப் பார்த்தேன்" என்பதற்கு வூக்கா என்பார்கள். கூப்பிடும்போது க் போய்ச் ச் வந்துவிடும்: "வூச்சே!" மாமியார் மாடிப்படியிலிருந்து அப்படிக் கத்தும்போது வேறு யாரையோ கூப்பிடுகிறார் என்று நினைத்துவிடாதே. செல்லமாக வூலே, அல்லது வூச்கோ. 1984 சரயேவோ குளிர்கால ஒலிம்பிக்கின் சின்னமான ஓநாய்க்குட்டியின் பெயரும் வூச்கோதான், அதனால் அந்தத் தலைமுறை ஆட்கள் கேட்டதும் சிரிப்பார்கள்.

கேலியும் இருக்கும். "ஓநாயைப் பற்றிப் பேசினோம், ஓநாய் வாசலில்" என்று ஒரு பழமொழி, பேச்சில் அடிபட்ட ஆள் வந்து நின்றால் சொல்வது. "ஓநாய் முடியை மாற்றும், குணத்தை மாற்றாது" என்று இன்னொன்று. உன் பிள்ளை அறைக்குள் நுழையும்போதெல்லாம் முதலாவதைக் கேட்பான், சேட்டை செய்து மாட்டினால் இரண்டாவதை. செர்பியாவில் இதற்கு மேல் தொல்லை கிடையாது. அங்கே பள்ளியில் எல்லா வகுப்பிலும் முதல்தரம் வாங்கும் பிள்ளைக்குக் கொடுக்கும் சான்றிதழுக்கே வூக் பட்டயம் என்றுதான் பெயர்.

வியன்னாவில் கதை வேறு. ஜெர்மன் பேசுபவர்கள் V எழுத்தைச் சில சொற்களில் வ என்றும் சிலவற்றில் ஃப என்றும் வாசிப்பார்கள். அறியாத பெயரைக் கண்டால் பாதிப்பேர் இரண்டாவதில் போய் விழுவார்கள். ஆங்கிலக் கெட்ட வார்த்தைக்கு அப்புறம் எவ்வளவு தூரம் என்று உனக்கே தெரியும். பன்னிரண்டு வயதுப் பையன்கள் சும்மா விடுவார்களா? மாப்பிள்ளை இதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளமாட்டார், நீதான் சொல்லவேண்டும்.

அதே வேரிலிருந்து வந்த நீளமான பெயர்கள் உண்டு. வூக்கஷின், 1371-இல் மரிட்சா ஆற்றங்கரைப் போரில் மாண்ட அரசனின் பெயர், பாடல்களில் வரும் வீரன் மார்க்கோவின் தகப்பன். கம்பீரமான பெயர்தான். ஆனால் ஷ ஒலிக்காக S எழுத்தின் தலையில் போடும் குறியை வெளிநாட்டுப் படிவங்கள் விட்டுவிடும், பிள்ளை வாழ்நாள் முழுக்க "வூக்கசின்" என்று அழைக்கப்படுவான். இன்னொன்று வூக்கான். பழைய செர்பிய ஆட்சியாளர் ஸ்டெஃபான் நெமான்யாவின் மூத்த மகனுக்கு இருந்த பெயர். குறி எதுவும் கிடையாது. எரிமலைக்கு ஜெர்மனில் உள்ள சொல்லுக்குப் பக்கத்தில் ஒலிப்பதால் அங்குள்ளவர்கள் வ என்றே சொல்வார்கள். குடியிருப்பு வியன்னாவிலேயே என்றால் என் ஓட்டு வூக்கானுக்கு. வீட்டில் வூலே என்று கூப்பிட்டுக்கொள்ளலாம், மாமனாருக்கும் ஓநாய் கிடைத்துவிடும். பெல்கிரேடுக்குத் திரும்புவதாக இருந்தால் யோசிக்காமல் வூக் என்றே வை.

எதுவானாலும் ஞானஸ்நானத்துக்கு முன் கூமிடம், அதாவது ஞானத்தகப்பனாக நிற்பவரிடம், மாப்பிள்ளையை ஒரு வார்த்தை கேட்கச் சொல். முன்பெல்லாம் பெயர் சொல்லும் உரிமையே அவருடையது. இப்போது பெற்றோர்தான் முடிவெடுக்கிறார்கள் என்றாலும், கேட்காமல் வைத்தால் வயதான கூமுக்கு மனத்தாங்கல் வரும்.

அன்புடன்,
அண்ணன்